சாய்வு பூஜ்யமான இடம்

கணக்குக்காக ஒரு குருகுலம் இருந்தது என்றால் நீங்கள் சிரிப்பீர்கள். சிரித்துக்கொள்ளுங்கள்; இருந்தது. மூடிப்போன ஓர் அரிசி ஆலையில் நடந்தது. படிக்க வந்தவர்கள் எல்லோரும் தலை நரைத்தவர்கள். குரு பூரணிக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. அவர்கள் அவளை டீச்சர் என்பார்கள், அவள் அவர்களை ஐயா, அம்மா என்பாள்.

ஆலைச் சுவருக்குக் கறுப்புச் சாயம் பூசி, அதில்தான் எழுதினார்கள். எழுதியதை அழிக்கக் கூடாது என்பது அங்கே கட்டுப்பாடு. தப்பாகப் போட்டவர் அதற்குக் கீழேயே சரியாகப் போட வேண்டும். நன்றாகத் தேறியவர் புதிதாக வருபவர்களுக்குப் பாடம் எடுக்க வேண்டும் என்பது இன்னொரு வழக்கம்.

இந்த முறை தேவசகாயத்தைப் பாடம் எடுக்கச் சொன்னாள் பூரணி. மறுநாள் காலை அவர் கையில் பையோடு வந்து நின்றார். ஊருக்கே திரும்பிப் போகிறாராம்.

"என்னால ஆகாது டீச்சர். நான் நின்னுபோன ஆளு."

அவர் சொன்னதில் பொய் இல்லை. போன வருஷம் அவர் மனைவி ஞானப்பூ நோயில் விழுந்தார். தேவசகாயம் ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து கணக்குப் படித்தார். நாளாக நாளாக அது குறைந்துகொண்டே வந்தது. ஞானப்பூ இறந்து அடக்கம் நடந்த அன்று படிப்பு ஒன்றுமே இல்லை. பிறகு இங்கே வந்து, மெல்ல மெல்லத்தான் மறுபடி பிடித்தார். ஆனால் அந்த ஒரு நாள் தொண்டையில் முள்ளாக நின்றது. நிற்காமல் ஏறியவன்தான் அடுத்தவனுக்குச் சொல்லித்தரலாம் என்று தனக்குத்தானே ஒரு சட்டம் போட்டுவைத்திருந்தார். நல்ல மனிதர்கள் தங்களுக்குப் போட்டுக்கொள்ளும் சட்டத்தில் ஈவிரக்கமே இருப்பதில்லை.

 பூரணி சுவரைக் காட்டினாள். தேவசகாயத்தின் கையெழுத்துதான். எக்ஸின் கனம், அதாவது எக்ஸை மூன்று தடவை போட்டுப் பெருக்கினால் வருவது, எப்போதும் ஏறிக்கொண்டே போகிறதா என்பது கேள்வி. அதற்கு வகைக்கெழுவைப் பார்ப்பார்கள். அதை வரைந்தால் கிடைக்கும் கோடு எந்த இடத்தில் எவ்வளவு வேகமாக ஏறுகிறது என்று வகைக்கெழு சொல்லிவிடும். அதுதான் அந்த இடத்துச் சாய்வு. வகைக்கெழுவைச் சரியாகவே கண்டுபிடித்துவிட்டு, கடைசியில் அவர் இப்படி முடித்திருந்தார்: 'பூஜ்யத்தில் சாய்வு பூஜ்யம். அங்கே நின்றுவிடுகிறது. ஆகவே எப்போதும் ஏறுவதல்ல.'

"இதைத் திருத்திட்டுப் போங்க ஐயா."

பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று முனகினார். ஆனாலும் சுவரில் ஒரு தப்பை விட்டுவிட்டுப் போக மனம் வரவில்லை. பையைக் கீழே வைத்தார்.

கோட்டில் எந்த இரண்டு இடத்தை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளச் சொன்னாள். வலப்பக்கம் இருப்பது இடப்பக்கம் இருப்பதைவிட உயரமாக இல்லாத ஒரே ஒரு ஜோடியைக் காட்டினால் போதும், அவர் எழுதியது சரி என்று ஒப்புக்கொள்வதாகச் சொன்னாள். தேவசகாயம் பூஜ்யத்துக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று எடுத்தார். வலது உயர்ந்தது. பூஜ்யத்தையே ஒன்றாக வைத்து, அதற்கு மயிரிழை தள்ளி இன்னொன்றை எடுத்தார். அதுவும் உயர்ந்தது. இன்னும் நெருக்கினார். ஒரு ஜோடியும் அகப்படவில்லை.

"பூஜ்யத்துக்கு முன்னாடி சாய்வு என்ன?"

"பிளஸ்."

"அதைத் தாண்டி?"

"அங்கேயும் பிளஸ்தான். ஆனா பூஜ்யத்துல பூஜ்யம், டீச்சர்."

"நான் இல்லேன்னு சொல்லலியே."

தேவசகாயம் சாக்பீஸை எடுத்தார். பிறகு தன் தப்புக்குக் கீழே, 'எப்போதும் ஏறும்' என்று எழுதினார்.

"அடக்கத்துக்கு மறுநாள் என்ன பண்ணீங்க ஐயா?" என்று கேட்டாள் பூரணி.

யாரிடமும் சொல்லாததை அவர் அப்போதுதான் சொன்னார். "சாயங்காலம் கல்லறைக்குப் போனேன். சிலுவையோட நிழல் மண்ணுல விழுந்திருந்துச்சு. அது நிமிஷத்துக்கு எவ்வளவு நீளுதுன்னு மனசு பாட்டுக்குக் கணக்குப் போடுது. தோண்டின மண்ணுல ஈரம்கூடக் காயலை. என்னையே செருப்பால அடிச்சுக்கணும்போல இருந்துச்சு."

பூரணிக்குக் கண் நிறைந்துவிட்டது. அதை அவள் மறைக்கவில்லை.

"உங்க வீட்டு அம்மா பாத்திருந்தா என்ன சொல்லியிருப்பாங்க?"

"சிரிச்சிருப்பா. இந்தக் கிறுக்கனைத் திருத்த முடியாதுன்னிருப்பா."

சொல்லும்போதே அவருக்கும் சிரிப்பு வந்தது. கூடவே அழுகையும் வந்தது. அது அடங்கியதும் பூரணி ஒரு புது சாக்பீஸைக் கொடுத்து, வரப்போகிறவர்கள் பார்க்கட்டும், அந்தக் கோட்டைப் பெரிதாக வரைந்து வையுங்கள் என்றாள்.

தேவசகாயம் சுவரின் கீழ்மூலையிலிருந்து ஆரம்பித்தார். செங்குத்தாக ஏறிய கோடு போகப்போகச் சாய்ந்து படுத்தது. பூஜ்யத்துக்கு வந்ததும் கை தானாக நின்றது.

"இந்த ஒரு புள்ளியை நான் என்ன செய்யறது, டீச்சர்?"

"அங்க சாக்பீஸைத் தூக்கிடாதீங்க ஐயா. தூக்கினா கோடு அறுந்துபோகும்."