எல்லைக் கல்லில் நின்ற பஸ்

ஊரார் மனுக் கொடுத்துப் பார்த்தார்கள், மறியல் செய்து லத்தியடியும் வாங்கிப் பார்த்தார்கள். கள்ளிப்பாறை பஸ் மாவட்ட எல்லைக் கல்லைத் தாண்டவில்லை. அங்கிருந்து மூன்று மைல் வெயிலில் நடந்தால்தான் ஆஸ்பத்திரி. பெர்மிட் கொடுக்கும் அதிகாரி ஆளவந்தார், "பக்கத்து மாவட்டம் முதலில் சம்மதிக்கட்டும்" என்பார். பக்கத்து மாவட்டமோ, "முதலில் அவர் கொடுக்கட்டும்" என்னும்.

ஒருநாள் ஆளவந்தாரின் ஜீப் கள்ளிப்பாறையில் படுத்துவிட்டது. பக்கத்து மாவட்டத்தில் மந்திரி கூட்டம். வேறு வழியில்லாமல் அந்த பஸ்ஸில் ஏறினார்.

எல்லைக் கல் வந்ததும் கண்டக்டர் சன்னாசி விசில் ஊதினான்.

"எல்லாரும் இறங்குங்க!"

கைப்பிள்ளைக்காரிகள்கூடப் பழக்கப்படி எழுந்தார்கள். ஆளவந்தார் அசையவில்லை.

"மந்திரி காத்திருக்கார்யா. வண்டியை விடு."

"இதுக்கு மேல பெர்மிட் இல்லீங்களே ஐயா."

"கொடுக்கிறவனே நான்தான், விடுடா!"

"பக்கத்து மாவட்டம் முதல்ல சம்மதிக்கணுமே?"

"அதை அப்புறம் வாங்கிக்கலாம்!"

இறங்கப் போனவர்கள் படியிலேயே நின்றுவிட்டார்கள்.

"இதைத்தானே ஐயா ஆறு வருஷமா கேட்டுக்கிட்டிருந்தோம்" என்று சன்னாசி ஒரு தாளை நீட்டினான். "வாயால சொன்னா டிரைவர் நம்ப மாட்டாரு. ஊருக்கே பெர்மிட்டுன்னு எழுதிக் குடுங்க."

ஆளவந்தார் வெயிலைப் பார்த்தார். கைக்கடிகாரத்தைப் பார்த்தார். எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

சன்னாசி அதை மடித்துப் பையில் வைத்தான். எல்லாரையும் உட்காரச் சொன்னான். விசில் ஊதினான். பஸ் கல்லைத் தாண்டியதும் ஆளவந்தாரிடம் திரும்பி வந்தான்.

"ஐயா வாங்கின டிக்கெட்டு கல்லு வரைக்கும்தான். இன்னொண்ணு எடுங்க."