இரண்டு இருமலும் ஒன்றும்

இரண்டு நிலவுகள் காயும் அவிநகரில், ஓசையிலி அம்மையின் கோயிலுக்குப் போகும் வீதியில் கந்தல் துணி மூட்டையோடு நின்றிருப்பார் வேம்பனார். அந்த வீதியில் ஓசை கூடாது. ஆகவே வண்டிகள் நுழையுமிடத்தில் மாடுகளின் கழுத்து மணிகளைக் கவிழ்த்து, ஒவ்வொரு மணியின் நாக்கிலும் துணியைச் சுற்றிக் கட்டுவது அவர் தொழில். கட்டும்போதெல்லாம், "அம்மா, உன் காதுக்குக் காவல்" என்று மனத்துக்குள் சொல்லிக்கொள்வார். ஊரார் அவரை நாக்குக்கட்டி என்றே அழைத்தார்கள்.

ஓசையிலி அம்மைக்கு உருவம் இல்லை. கருவறையில் அடிதெரியாத ஒரு பாழ்ங்குழி மட்டுமே உண்டு. இறந்தவரின் பெயரை அதன் விளிம்பில் நின்று ஒருமுறை சொன்னால், குழி அதை விழுங்கிவிடும். அம்மை ஏற்றுக்கொண்டாள் என்று பொருள். பெயர் எதிரொலித்துத் திரும்பினால் அவள் மறுத்துவிட்டாள். பெயர் சேராத உயிர் இளைப்பாற இடமின்றிக் காற்றோடு அலையும் என்பது அந்நாட்டார் நம்பிக்கை. ஆண்டுக்கு ஒரு நாள், உச்சிப்பொழுதில், பெயர் கொடுக்கும் சடங்கு நடக்கும்.

வேம்பனாருக்குத் தாயில்லாத மகள் ஒருத்தி இருந்தாள். அவர் வேலை செய்கையில் அவள் வீதிச் சுவரோரம் உட்கார்ந்திருப்பாள். வண்டிகள் நடுவே வந்து தகப்பனை மறைத்துவிட்டால் பயந்துபோவாள். கூப்பிட வழியில்லை, பேசினால் குற்றம், இருமலுக்கு மட்டும் தண்டனை கிடையாது. ஆகவே மெல்ல இரண்டு முறை இருமுவாள். அவர் ஒருமுறை இருமுவார். "எங்கே இருக்கிறாய்?" என்பது இரண்டு, "இங்கேதான் இருக்கிறேன்" என்பது ஒன்று. வண்டிக்காரர்கள் தங்களுக்குள் சிரித்துக்கொள்வார்கள். அவர்களில் சடையன் என்பவன் வீதியைத் தாண்டியதும், "அப்பனும் மகளும் கச்சேரி வைக்கிறாங்கடா" என்று கேலி பேசுவான்.

கந்தல் தூசியால் அந்தப் பொய் இருமல் ஒருநாள் மெய் இருமலாயிற்று. குழந்தை பத்து நாள் கிடந்து போய்ச் சேர்ந்தாள். அந்நாட்டில் ஏழு வயது நிறைந்த பிள்ளைக்குத்தான் பெயரிடுவார்கள். அவளுக்கு ஏழு நிறைய இருபது நாட்கள் இருந்தன. அந்த இருபது நாட்களை எண்ணி எண்ணி அவர் அழுதார். அழுதாலும் மறுநாள் காலை மூட்டையை எடுத்துக்கொண்டு வீதிக்குப் போனார். அம்மையை ஒரு சொல் நொந்ததில்லை.

சடங்கு நாளன்று மட்டும், பெயர் விசாரிப்பதற்காக, கோயில் வாசலில் தணிந்த குரலில் பேசலாம். பெயரேற்கும் அதிகாரி நெடுஞ்சேந்தர் அவரை அங்கேயே நிறுத்தினார்.

"பேரு என்ன?"

"பேரு வைக்கல சாமி. குட்டின்னு கூப்பிடுவேன்."

"ஊர்ல இருக்கற எல்லாப் புள்ளையும் குட்டிதான்டா. எந்தக் குட்டின்னு அம்மைக்கு எப்படித் தெரியும்? சரி, இப்ப ஒரு பேரை வச்சுச் சொல்லிட்டுப் போ."

வேம்பனார் கைகூப்பினார். "தெரியாத பேரச் சொல்லிக் கூப்பிட்டா அவ திரும்பிப் பாக்க மாட்டா சாமி."

வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். பெயரில்லாதது பிறக்காததற்குச் சமம் என்றார் நெடுஞ்சேந்தர். எவ்வளவு எளிதாகச் சொல்லிவிட்டார்! பெற்று வளர்த்துப் பறிகொடுத்தவர் வீடு திரும்பினார்.

அடுத்த ஆண்டுக்குள் அவருக்கும் அதே நோய் முற்றியது. துணியில் இரத்தம் கண்டது. வரப்போகும் சடங்கு நாளுக்குப் பின் இன்னொன்று தமக்கு இல்லை என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. தாம் போய்விட்டால் அவளை அம்மையிடம் சேர்க்க ஆளில்லையே என்ற கவலை ஒன்றே அவரை அரித்தது. காற்று பலமாக அடிக்கும் பகல்களில் வேலையை நிறுத்திவிட்டு, வெறும் சுவரோரத்தைப் பார்த்து ஒருமுறை இருமுவார். பார்த்தவர்கள் அவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்றார்கள்.

சடங்கு நாள் வந்தது. வாயில் கந்தலை அடைத்துக்கொண்டு வரிசையில் நின்றார். இறந்த தன் அண்ணன் பெயரைக் கொடுக்க வந்திருந்த சடையன் அவருக்குப் பின்னால் நின்றான்.

"இந்த வருஷமாவது பேரு இருக்கா?" என்றார் நெடுஞ்சேந்தர்.

வேம்பனார் கந்தலை விலக்கி, "இருக்கு சாமி. அவளுக்கு நல்லாத் தெரிஞ்ச பேரு" என்றார்.

விளிம்பை அடைந்தார். நெஞ்சைக் கிழித்துக்கொண்டு வந்த பெரிய இருமலை எப்படியோ அடக்கிக்கொண்டார். பிறகு, குழந்தை இருமுவதைப் போல, மெல்ல இரண்டு முறை இருமினார்.

கூட்டம் திடுக்கிட்டது. காவலர்கள் அவர் தோளைப் பற்றினார்கள். அதற்குள் குழியின் ஆழத்திலிருந்து ஓர் இருமல் எழுந்து மண்டபமெங்கும் கேட்டது.

"திரும்பி வந்துருச்சு! அம்மை மறுத்துட்டா!" என்று, ஓசை கூடாத இடத்தில் நெடுஞ்சேந்தரே கத்திவிட்டார்.

"இல்ல சாமி." சடையன் முன்னால் வந்தான். "ரெண்டு போச்சு. ஒண்ணுதான் வந்துச்சு. அந்தப் புள்ள ரெண்டு இருமும், இவரு ஒண்ணு இருமுவாரு. நான் தினம் கேட்டிருக்கேன். இங்கதான் இருக்கேன்னு அர்த்தம் சாமி. இது எதிரொலி இல்ல, அம்மையோட பதிலு."

காவலர்களின் கைகள் தாமாகவே தளர்ந்தன. வேம்பனார் விளிம்பில் தலை சாய்த்துக் கிடந்தார். முகத்தில் வலி இல்லை, மூச்சும் இல்லை.

அவருக்காகப் பெயர் கொடுக்க உறவென்று யாரும் இல்லை. நெடுஞ்சேந்தர் தலைப்பாகையைக் கழற்றிவிட்டுக் குழியின் முன் குனிந்தார். "வேம்பனார்" என்றார். அதுவரை ஊரில் ஒருவரும் அவரை அப்படி மரியாதையாக அழைத்ததில்லை. பெயர் திரும்பவில்லை.

இன்றும் அவிநகரில் சடங்கு நாளன்று, பெயர் வைக்குமுன் பிள்ளையை இழந்தவர்களுக்கே முதல் இடம். அவர்கள் விளிம்பில் நின்று இரண்டு முறை இருமிவிட்டுப் போகிறார்கள். ஒருபோதும் பேசாதவளைத் தம் மகளுக்காக ஒருமுறை பேசவைத்த அந்த ஏழைத் தகப்பனாரின் தூசி படிந்த கைகளை நாமும் வணங்குவோம்.