பின்வரிசைச் சாப்பாடு

மேற்கு மலையடிவாரத்தில் ஒரு சைவ மடம். மழை பொய்த்துப்போன வருஷம் அது. மடத்தில் மத்தியானம் அன்னம் போடுவார்கள். சுற்றுப்பட்டு ஊர்களில் பாதி வீடுகள் அந்த ஒரு வேளைச் சோற்றை நம்பித்தான் உயிரைப் பிடித்துக்கொண்டிருந்தன.

அந்த மடத்தில் அம்பலவாணர் என்று ஒரு சீடர். சீடர் என்றதும் மீசை அரும்பாத பையன் என்று நினைத்துவிடாதீர்கள். கோர்ட்டில் குமாஸ்தா உத்தியோகம் பார்த்து, பென்ஷன் வாங்கி, மனைவி போனபிறகு காவி கட்டிக்கொண்ட மனுஷர். குருவைவிட வயதில் மூத்தவர். அதனால் குரு அவரை ‘நீர்’ என்றுதான் கூப்பிடுவார். காவி ஏறியதே தவிர அவருக்குக் கோர்ட்டுப் புத்தி இறங்கவில்லை.

ஒருநாள் விறகு வண்டிக்காரன் இருளப்பன், மடத்து நிர்வாகம் பார்க்கிற காரியஸ்தர் முன்னால் வந்து நின்றான்.

“சாமி, முன்வரிசைக்குப் பருப்பு, பின்வரிசைக்குப் பருப்புத் தண்ணி. எம் புள்ளைக பசியோட உட்காருது, பசியோடதான் எந்திரிக்குது.”

பந்தியில் பரிமாறுகிறவர் ஆவுடையப்பன். கேட்டதும் மனுஷர் கொதித்துப்போனார். “சிவ சிவா! இந்தக் கை மேலயா பழி?”

காரியஸ்தருக்கும் முகம் சிவந்துவிட்டது. விசாரித்துப் பார்த்து, புகார் பொய்யென்றால் இருளப்பனும் அவன் குடும்பமும் இனி மடத்து வாசற்படி மிதிக்கக் கூடாது என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டார். அந்த வருஷத்தில் அதற்குப் பெயர் தண்டனை அல்ல. பட்டினி.

விசாரணையைக் குரு அம்பலவாணரிடம் ஒப்படைத்தார். கேட்க வேண்டுமா! பழைய உத்தியோகமே திரும்பக் கிடைத்ததுபோல அம்பலவாணர் கிளம்பிவிட்டார். சில நாள் கழித்து, நிமிர்ந்த நெஞ்சோடு குருவிடம் வந்தார்.

“சுவாமி, விசாரணை முடிந்தது.”

“எப்படி விசாரித்தீர்?”

“முதலில் கண்ணால் பார்த்தேன். பந்தி நடக்கும்போது தூணருகில் நின்று, இலை இலையாகக் கவனித்தேன். முன்வரிசைக்கு விழுந்த அதே பருப்புதான் பின்வரிசைக்கும் விழுந்தது.”

“அப்புறம்?”

“சாப்பிட்டவர்களைக் கேட்டேன். ஆவுடையப்பனை அடுக்களைக்கு அனுப்பிவிட்டு, ஒவ்வொருவரையும் தனியாக நிறுத்திக் கேட்டேன். ஒரு வாய்கூட மாறவில்லை. ‘ஒரு குறையும் இல்லை சாமி’ என்கிறார்கள்.”

“அப்புறம்?”

“ஆவுடையப்பனின் பூர்வோத்தரத்தையே துருவிவிட்டேன். தாயில்லாப் பிள்ளை. சத்திரத்துச் சோற்றில் வளர்ந்தவர். பசி என்றால் என்னவென்று தெரிந்த மனுஷர். அவரா அளவு குறைப்பார்?”

“முடிவாக என்ன சொல்கிறீர்?”

“இருளப்பன் சொல்வது பொய். சாயங்காலம் காரியஸ்தரிடம் சொல்லிவிடலாம் என்றிருக்கிறேன்.”

குரு எழுந்தார். “சொல்லலாம். அதற்குமுன் பதிகம் படிக்கிற பிள்ளைகளைப் பார்த்துவிட்டு வருவோம், வாரும்.”

கூடத்தை நெருங்கும்போதே காது கிழிந்தது. யாருடைய வடையை யார் தின்றது என்று உள்ளே பெரிய வழக்கு நடந்துகொண்டிருந்தது. குரு நிலைப்படியில் கால் வைத்தார். அவ்வளவுதான், கூடம் அடங்கிவிட்டது. எல்லாப் புத்தகமும் விரிந்தது, எல்லா முதுகும் நிமிர்ந்தது.

குரு சற்று நேரம் நின்று பார்த்துவிட்டு வெளியே வந்தார்.

“நம் பிள்ளைகளுக்குத்தான் எத்தனை அடக்கம்! ஆளுக்கொரு வேட்டி எடுத்துக் கொடுக்கலாம் போலிருக்கிறது.”

அம்பலவாணருக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. “நல்ல வேடிக்கை சுவாமி! நம்மைக் கண்டதால் வந்த அடக்கம் அல்லவா இது? இந்நேரம் வரை கூரையைப் பிய்த்துக்கொண்டிருந்தார்கள்...”

சொல்லிக்கொண்டே வந்தவருக்குச் சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. தன் காவியை ஒருதரம் குனிந்து பார்த்துக்கொண்டார்.

குரு தன் அறைக்குப் போய்விட்டார். அன்று சாயங்காலம் அம்பலவாணர் காரியஸ்தர் பக்கமே போகவில்லை.

மறுநாள் மத்தியானம் நெற்றித் திருநீற்றைத் துடைத்தார். தோட்டக்காரனிடம் அழுக்கு வேட்டி ஒன்றை வாங்கிக் கட்டிக்கொண்டு, தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு, பந்தியின் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தார். ஆவுடையப்பனுக்கு அடையாளம் தெரிந்துவிடுமோ என்ற பயம் கொஞ்சம் இருந்தது. வீண் பயம். பின்வரிசையில் முகத்தைப் பார்க்கிற வழக்கமே ஆவுடையப்பனிடம் இல்லை. இலையைப் பார்ப்பார், நகர்வார்.

தூணருகில் அன்று யாரும் நிற்கவில்லை. முன்வரிசைக்குக் கரண்டி வாளியின் அடிவரை போயிற்று. பின்வரிசைக்கு வந்ததும் மேலாக மிதக்கிற தண்ணீரைத் தொட்டுக்கொண்டு திரும்பிற்று. சோறும் ஒரு பிடிதான்.

பந்தி கலைந்ததும் அம்பலவாணர் அந்த அழுக்கு வேட்டியோடேயே காரியஸ்தரிடம் போனார். “இருளப்பன் சொன்னது சத்தியம். நானே உட்கார்ந்து தின்றுவிட்டு வருகிறேன்” என்றார். ஆவுடையப்பனை மாவரைக்க அனுப்பிவிட்டார்கள். இனிமேல் பின்வரிசையிலிருந்துதான் பரிமாறத் தொடங்க வேண்டும் என்று உத்தரவும் ஆயிற்று. இருளப்பன் குடும்பம் தப்பித்தது.

எல்லாம் நல்லபடி முடிந்தும் அம்பலவாணருக்கு மனசு ஆறவில்லை. குருவின் முன்னால் போய் உட்கார்ந்தார்.

“இன்னும் என்ன?” என்றார் குரு.

“என்னையே எனக்குப் பிடிக்கவில்லை சுவாமி.”

“ஏன்?”

“ஆவுடையப்பன் இரண்டாம் தரம் வந்து ‘போதுமா?’ என்று கேட்டார். என் இலை காலி. வயிறும் காலி. ஆனாலும் ‘போதும் சாமி’ என்று சொல்லிவிட்டேன்.”

“யாராவது மிரட்டினார்களா?”

“ஒருவரும் மிரட்டவில்லை. எழுந்து நின்று நான் யார் என்று சொல்லியிருந்தால் அவர்தான் நடுங்கியிருப்பார். அதெல்லாம் தெரிந்தும் வாயில் வந்தது அந்தச் சொல்தான்.”

“எதனால் வந்தது?”

அம்பலவாணர் யோசித்தார்.

“கரண்டி அவர் கையில் அல்லவா இருந்தது சுவாமி?”

குரு திருப்பிக் கேட்டார்.

“அந்த ஜனங்களைத் தனியாக நிறுத்திக் கேட்டீரே, அப்போது யார் கையில் இருந்தது?”