தூங்கிய தேரையும் தோண்ட வந்த பன்றியும்

வற்றிய குளத்தின் கரையில், ஒரு பாறைக்கு அடியில், தூவானம் என்ற தேரை உறங்கிக்கொண்டிருந்தது. கோடை முழுவதும் மண்ணுக்குள் உறங்குவது அதன் குல வழக்கம். பக்கத்தில் அதன் இரண்டு தங்கைகளும் சுருண்டு கிடந்தன.

கனவில் குளம் நிறைந்திருந்தது. அல்லி இலைகள் மிதந்தன. எங்கோ உயரத்திலிருந்து, "தூவானம்! தூவானம்! தூவானம்!" என்று ஒரு குரல் அழைத்தது. மழைதான் கூப்பிடுகிறது என்று தேரை நினைத்தது. "இதோ வந்துவிட்டேன்!" என்று கனவிலேயே பதில் சொல்லிவிட்டு, இன்னும் ஆழமாக உறங்கிப்போனது.

அழைத்தது மழை அல்ல. காட்டு மன்றத்தின் மரங்கொத்தி. பாறைக்கு அடியிலுள்ள பொந்து தன்னுடையது என்று ஓர் உடும்பு வழக்குப் போட்டிருந்தது. மூன்று முறை அழைத்தும் எதிராளி வராவிட்டால், வந்தவர் பக்கமே தீர்ப்பு என்பது மன்றத்தின் விதி. நடுவரான கடமான் அப்படியே சொல்லிவிட்டது.

தலைக்கு மேல் மண் அதிர்ந்தபோதுதான் தூவானம் கண் விழித்தது. வெளியே ஒரு காட்டுப்பன்றி மண்ணைக் கிளறிக்கொண்டிருந்தது.

"அண்ணே! என் வீட்டை ஏன் இடிக்கிறீர்கள்?"

"உன் வீடா? தீர்ப்பாகி உடும்பு வீடாயிற்று. தோண்டித் திறந்து கொடுக்கச் சொல்லி எனக்கு மன்றத்தின் உத்தரவு. தள்ளிப் போ!"

"உள்ளே தங்கைகள் தூங்குகிறார்கள். இந்த வெயிலில் காய்ந்து சருகாகிவிடுவார்கள்!"

"அதை நடுவரிடம் சொல். அவர் நிறுத்தச் சொன்னால் நிறுத்துகிறேன். என் மூக்குக்கும் ஓய்வு வேண்டும்தானே!"

தூவானம் வெடித்த குளத்து மண்ணில் தாவித் தாவிப் போனது. தூரத்தில் கானல் நீர் மினுங்கியது. கனவுதான் தொடர்கிறதோ என்று மயங்கி, ஒரு கணம் அந்தப் பக்கம் திரும்பியது. பின்னால் பன்றியின் உறுமல் கேட்டது. மறுபடி இலுப்பை மரத்தை நோக்கித் தாவியது. அங்கேதான் மன்றம் கூடும்.

"வாம்மா தூங்குமூஞ்சி!" என்றது உடும்பு. "கூப்பிட்டபோது காது எங்கே போயிருந்தது?"

கேட்கவில்லை என்று சொல்லிவிடலாம். தூவானத்துக்கு நாக்கு நுனிவரை அந்தப் பொய் வந்தது.

"கேட்டது, நடுவரே. மழை கூப்பிடுகிறது என்று நினைத்து, கனவிலேயே பதில் சொல்லிவிட்டேன்."

"பார்த்தீர்களா! காதில் விழுந்தும் வரவில்லை!" என்று உடும்பு துள்ளியது.

கடமான் தயங்கியது. "தீர்ப்புச் சொன்ன வாயாலேயே நிறுத்தச் சொன்னால், நாளை யார் என்னை மதிப்பார்கள்?"

"எனக்கு நியாயம் இருக்கிறது என்று இப்போதே சொல்ல வேண்டாம், நடுவரே. என்னை விசாரிக்கும்வரை தோண்ட வேண்டாம், அவ்வளவுதான். நான் தோற்றாலும் பொந்து அங்கேயேதான் இருக்கும். உடும்பு அண்ணன் எடுத்துக்கொள்ளட்டும். நான் வென்றால், செத்த தங்கைகளை யார் எழுப்பித் தருவார்கள்?"

கடமான் தலை நிமிர்ந்தது. "மரங்கொத்தி! பறந்து போய்ப் பன்றியை நிறுத்து! தேரையே, தீர்ப்பு ரத்தாகவில்லை, நிறுத்தி வைக்கிறேன். வழக்கு முடியும்வரை நீ தினமும் விடியலில் இங்கே வர வேண்டும். ஒரு நாள் தவறினாலும் பன்றி தோண்டும்."

"கோடையில் தேரை விழித்திருப்பதாவது!" என்று உடும்பு சிரித்தது.

"இருப்பேன்" என்றது தூவானம்.

அது திரும்பி வந்தபோது பன்றி போயிருந்தது. கிளறிய மண்ணுக்கு மேலே கடைசித் தங்கையின் ஒரு கால் தெரிந்தது. தொட்டுப் பார்த்தது, குளிர்ச்சியாக இருந்தது, மெல்ல அசைந்தது. தூவானம் மண்ணைத் தள்ளி அதை மூடிவிட்டு, பாறையின் சிறு நிழலில் கண்ணை அகலத் திறந்து உட்கார்ந்துகொண்டது.

எதிராளியைக் கேளாமல் சொன்ன தீர்ப்பை, மீட்க முடியாத கேடு நேரும் முன் நிறுத்தி வைப்பது தீர்ப்புக்கு இழுக்கல்ல, அதுவே நீதி.