கிகுநோ கோடு இழுத்த படம்

"என் கை எதற்கும் உதவாது, குருவே" என்றார் தோகுஜி.

அவர் முன்னே மூன்றாவது பட்டும் பாழாகிக் கிடந்தது. சாயம் பரவாமல் தடுக்க அரிசிப் பசையால் இழுத்த கோடு நடுநடுவே அறுந்திருந்தது. அறுந்த இடத்தில் நீலச் சாயம் வெள்ளைப் பூவுக்குள் கசிந்திருந்தது.

கியோட்டோவில் பட்டுக்குச் சாயம் தீட்டும் தமாயோவிடம் அவர் சேர்ந்து ஒரு வருடம் ஆகிறது. அதற்கு முன்பு திரையரங்கில் படம் ஓட்டிக்கொண்டிருந்தார். அவருக்கு வயது ஐம்பத்தெட்டு. குருவுக்கு முப்பது.

"எதைப் பார்த்துப் பழகினீர்கள்?"

"உங்கள் வீட்டுப் பழைய படச்சுருளில் உங்கள் அம்மா கோடு இழுப்பதை. இருநூறு தடவை ஓட்டிவிட்டேன். அவர் கை போலவே என் கையும் போகிறது. கோடுதான் அறுகிறது."

"நான் ஒருத்தி இங்கே உயிரோடு உட்கார்ந்திருக்கிறேன்."

"கோபிக்காதீர்கள். கிகுநோ அம்மாவின் கை இனி அந்தப் படத்தில் மட்டும்தான் இருக்கிறது. அது போய்விடக் கூடாதே என்றுதான்..."

"என்னையும் அந்தச் சுருள் போல டப்பாவில் போட்டு மூடினால்தான் மதிப்பீர்கள் போலிருக்கிறது."

தோகுஜி சிரிக்கவில்லை. "இன்றோடு நிறுத்திக்கொள்கிறேன். இன்னொரு பட்டைக் கெடுக்க மனம் வரவில்லை."

தமாயோ எழுந்து ஜன்னலைச் சாத்தினார்.

"ஓட்டுங்கள். எங்கள் வீட்டில் படம் ஓட்டும் கருவி ஏது? நானும் பார்த்ததில்லை."

தோகுஜி தம் கருவியை முடுக்கினார்; சத்தமில்லாத படம் சுவரில் விழுந்தது. கிகுநோ குனிந்திருந்தார். காகிதக் கூம்பின் முனையிலிருந்து பசை பட்டின்மேல் ஓடியது. கை விறுவிறுவென்று போனது.

தோகுஜியின் விரல்களும் காற்றில் கூடவே போயின.

"மூலையில் ஒரு குழந்தை இருக்கிறது, பார்த்தீர்களா?"

"இல்லை. கையை மட்டும்தான் பார்ப்பேன்."

"இப்போது பாருங்கள்."

பாயில் குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. தோகுஜி மூன்று பிள்ளைகளை வளர்த்தவர். அவர் முகம் மாறிவிட்டது.

"ஐயோ, குழந்தையின் நெஞ்சு என்ன வேகமாய் ஏறி இறங்குகிறது! காய்ச்சலா அதற்கு?"

"அது நான்தான். படம் எடுத்த அன்று சமர்த்தாகத் தூங்கினேன் என்று அம்மா சொல்வாள்."

"அப்படியானால் காய்ச்சல் இல்லை; நான்தான் பழைய படத்தைத் திரையரங்கு வேகத்தில் ஓட்டியிருக்கிறேன்" என்றார் தோகுஜி.

பிறகு கருவியின் வேகத்தைக் குறைக்கும் குமிழைப் பிடித்தார். மெல்லக் குறைத்தார். இன்னும் கொஞ்சம் குறைத்தார். குழந்தையின் மூச்சு சீரானதும் கையை எடுத்தார்.

கிகுநோவின் கை மெதுவாகப் போனது. ஓர் இதழின் ஓரம் முழுவதும் போய் நின்றது. அவர் தலையைத் திருப்பித் தூங்கும் குழந்தையைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். அப்புறம்தான் அடுத்த இதழுக்குக் குனிந்தார்.

இருநூறு தடவையும் அது தோகுஜிக்கு வெறும் தலையசைப்பாகத்தான் தெரிந்திருந்தது.

படம் முடிந்து சுவர் வெளுத்தது. தோகுஜி புதுப் பட்டை எடுக்க எழுந்தார்.

"இருங்கள், தோகுஜி சான்" என்றார் தமாயோ. அவர் கண்கள் இன்னும் சுவரில்தான் இருந்தன.

"இன்னொரு தடவை ஓட்டுங்கள்."