மழை வாங்கிக் கொடுத்த வாடகை

முன்னொரு காலத்தில் நீலாற்று நாட்டைக் கண்டீரவமாறன் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். நல்லவர்தான். ஆனால் காடைச் சண்டை என்றால் உயிரை விடுவார். மேல்முறையீட்டு ஓலைகள் வந்தால் ஓர் அறையில் போட்டுப் பூட்டிவிட்டு, "மனசு வரும்போது பார்க்கலாம்" என்பார். அந்த மனசு வருஷத்துக்கு ஒருமுறை வந்தாலே அதிசயம்.

அந்த ஊரில் உலகம்மை என்றொரு பெண் ஆப்பம் சுட்டு விற்றுவந்தாள். செத்துப்போன புருஷன் விட்டுப்போனது கடைவீதியில் ஓர் ஓட்டு வீடும் இரண்டு பெண்பிள்ளைகளும். வீட்டை, அரண்மனையின் சந்தனமும் புனுகும் இருக்கும் வாசனைப் பண்டாரத்தின் அதிகாரி அனவரதநாதருக்கு வாடகைக்கு விட்டுவிட்டு, நாத்தனார் வீட்டு மாட்டுக்கொட்டகை ஓரத்தில் பிள்ளைகளோடு ஒதுங்கியிருந்தாள். பிள்ளைகள் வளர்ந்ததும், "ஐயா, வீட்டைக் காலி பண்ணிக் கொடுங்க. அங்கேயே கடை போட்டுக்கிறேன்" என்று கேட்டாள். அவர் அசையவில்லை. ஊர் நியாயசபைக்குப் போனாள். "ஒரு மாதத்தில் காலி செய்ய வேண்டும்" என்று தீர்ப்பானது.

அனவரதநாதர் கவலையே படவில்லை. வீடே அவளுடையது இல்லை என்று ராஜாவுக்கு மேல்முறையீடு எழுதிப் போட்டார். அன்றோடு வாடகையையும் நிறுத்திவிட்டார்.

நாலு மாதம் பொறுத்துப் பார்த்த உலகம்மை அரசவையில் போய் நின்றாள். அனவரதநாதர் மீசையைத் தடவிக்கொண்டே சொன்னார்: "மகாராஜா, வழக்கோ தங்கள் கையில் இருக்கிறது. தீர்ப்பு வரும்வரை வீடு யாருடையது என்றே தெரியாது. யாரென்று தெரியாதவருக்கு வாடகையை எப்படிக் கொடுப்பது?"

"அடடா, மடக்கிவிட்டாரே!" என்று ராஜா தொடையில் தட்டிச் சிரித்தார். "இந்தா அம்மா, ஒரு பந்தயம். ஐப்பசி முடிவதற்குள், இதே சபையில், அவர் வாயாலேயே நீதான் வீட்டுக்காரி என்று சொல்ல வைத்துவிடு. வாடகையை நான் வாங்கித் தருகிறேன். முடியாவிட்டால் ஒரு வருஷம் அரண்மனைக்கு நீ சும்மா ஆப்பம் சுட்டுத் தர வேண்டும்."

ஒரு வருஷமா! பிள்ளைகளுக்கு என்னத்தைப் போடுவது? யோசித்துக்கொண்டே வீதியில் நடந்து வந்தாள். எதிரே ஓடு மாற்றும் சுடலைமுத்து வந்தான்.

"அக்கா, மழை வரப்போகுது. வருஷா வருஷம் போல உங்க வீட்டு ஓட்டைப் பிரிச்சு மாத்திடவா?"

"ஆமா தம்பி..." என்று ஆரம்பித்தவள் சட்டென்று நின்றாள். முகத்தில் மெல்ல ஒரு சிரிப்பு வந்தது. "இல்லே, இந்த வருஷம் வேண்டாம்."

"ஒழுகுமே அக்கா?"

"நல்லா ஒழுகட்டும்."

ஐப்பசி பத்தாம் தேதி மழை பிடித்துக்கொண்டது. மூன்று நாள் விடவில்லை. அனவரதநாதரின் கட்டில் நனைந்தது, பட்டுத் தலைப்பாகை நனைந்தது, புனுகுச் சிமிழுக்குள் தண்ணீர் புகுந்தது. "உடனே வந்து ஓட்டைச் சரி செய்" என்று ஆள் அனுப்பினார். உலகம்மை அடுப்பைவிட்டு எழுந்திருக்கவே இல்லை. "வீடு யாருடையதோ! ஊரான் வீட்டுக் கூரையில் ஏறினால் என்னைத் திருடி என்பார்களே!" என்று சொல்லி அனுப்பினாள்.

அவ்வளவுதான். சொட்டச் சொட்ட நனைந்த கோலத்தில் அரசவைக்கு ஓடினார் அனவரதநாதர். "மகாராஜா! இந்த அநியாயத்தைக் கேளுங்கள்! வீட்டுக்காரி அவள், தன் வீட்டுக் கூரையைச் சரி செய்ய மாட்டேன் என்கிறாள்! உடனே உத்தரவு போடுங்கள்!"

ராஜா உலகம்மையை அழைத்துவரச் சொன்னார். "என்ன அம்மா, நீதான் வீட்டுக்காரி என்கிறாரே!"

"அவர் வாயாலேயே சொன்னாரா மகாராஜா?" என்று கேட்டாள் உலகம்மை.

சபை கொல்லென்று சிரித்தது. அப்போதுதான் அனவரதநாதருக்கு உறைத்தது. "இல்லை, இல்லை! ஓடு மட்டும்தான் அவளுடையது. வீடு வழக்கில் இருக்கிறது!" என்று பதறினார்.

"ஓடாவது என்னுடையதா? மகராசனாக இருங்க! சுடலைமுத்துவைக் கூட்டிவந்து இப்பவே எல்லா ஓட்டையும் இறக்கி எடுத்துட்டுப் போயிடறேன்" என்று உலகம்மை முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு கிளம்பினாள்.

"ஐயோ, வேண்டாம்!" என்று அலறினார் அதிகாரி. ராஜா சிரித்த சிரிப்பில் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

மந்திரி திருமலைக்கொழுந்து எழுந்தார். "மகாராஜா, வழக்கில் யார் ஜெயித்தாலும் சரி, அந்தக் கூரைக்குக் கீழே இன்று படுத்திருப்பவர் இவர்தானே? படுக்கிறவர் மாதா மாதம் கொடுக்கட்டும். கடைசியில் இவர் ஜெயித்தால் அந்த அம்மாள் திருப்பிக் கொடுக்கட்டும்."

"அப்படியே ஆகட்டும்! பழைய பாக்கியையும் இங்கேயே எண்ணி வையும். எல்லா மேல்முறையீட்டுக்கும் இனி இதுதான் சட்டம்" என்றார் ராஜா. சபையே பார்த்துக்கொண்டிருக்க, ஈரத் தலைப்பாகையோடு குனிந்து எண்ணி வைத்தார் அனவரதநாதர்.

மறுநாளே தன் மேல்முறையீட்டைத் திரும்பப் பெற்றுக்கொண்டு வீட்டைக் காலி செய்தார். மழை விட்டதும் உலகம்மை ஓட்டை மாற்றி, பிள்ளைகளோடு குடிபுகுந்தாள். அடுப்பு மூட்டிய அன்றைக்கே கடைவீதி முழுக்க ஆப்ப வாசனை.

ஒரு மாதம் கழித்து ராஜா அந்தப் பூட்டிய அறையைத் திறந்து பார்த்தார். ஓலைக் குவியலில் பாதியைக் காணோம்.

"மந்திரியாரே, நான் ஒரு தீர்ப்பும் சொல்லவில்லையே! இத்தனை வழக்கு எப்படி முடிந்தது?"

"சும்மா குடியிருக்க முடியாது என்று தெரிந்ததும் அவரவர் வந்து தங்கள் ஓலையைத் திரும்ப வாங்கிப் போய்விட்டார்கள், மகாராஜா" என்றார் மந்திரி. "மிச்சம் இருப்பவைதான் உண்மையான வழக்குகள். அவற்றுக்கு மட்டும் தாங்கள் காடையை விட்டு வரவேண்டியிருக்கும்."

ராஜா அசடு வழியச் சிரித்துவிட்டு, மேலே கிடந்த ஓலையைக் கையில் எடுத்தார்.