நாற்காலிக்கு வந்த ஜப்தி

உட்கார்ந்த அதிகாரியை எழுப்புகிற சட்டம் எது, சொல்லுங்கள் பார்ப்போம்?

வேதியியலில் தோற்ற செங்கமலம் மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்து மாசக்கணக்காகிறது. இந்த வாரம் முடிவு வராவிட்டால் பி.எட். சீட் போய்விடும். பல்கலைக்கழகத்துக்கே போய்க் கேட்டாள்.

"விடைத்தாள் பேராசிரியர்கிட்ட இருக்கு. அவசரம்னா கோர்ட்டுக்குப் போ" என்றார் தேர்வுப் பிரிவுக் கண்காணிப்பாளர் வைத்திலிங்கம், அசையாமல்.

"போகத்தான் போறேன் சார். கோர்ட்டு நஷ்டஈடு போட்டு, அதை ஆபீஸ் கட்டலைன்னா, ஜப்திக்கு முதல்ல நாற்காலியைத்தான் தூக்குவாங்களாம். உங்களுது நல்ல நாற்காலியான்னு பார்த்துட்டுப் போலாம்னு வந்தேன்."

தூக்குகிற ஆள் வாசலுக்கே வந்துவிட்டதுபோல வைத்திலிங்கம் பதறி எழுந்து நாற்காலியைப் பிடித்தார். உயரம் பத்தாததால் அவர் அதில் மெத்தையாகப் போட்டிருந்தது விடைத்தாள் கட்டு. மேலேயே 'வேதியியல், மறுமதிப்பீடு' என்று எழுதியிருந்தது.

ஆபீஸே சிரித்தது.

"சார், இதைத் திருத்தி முடிக்கிற வரைக்கும் தயவுசெஞ்சு நின்னுக்கிட்டே இருங்க" என்றாள் செங்கமலம்.